விழுந்த கேக்கைச் சுற்றி வந்தவர்

வெள்ளவத்தையில் ஒரு மாடிவீட்டில் பிறந்தநாள். மெழுகுதிரி கொளுத்திய கேக்கைத் தூக்கிக்கொண்டு வந்த என் மச்சாள், அப்படியே அதன்மேல் விழுந்தா. வீடே கொல்லென்று சிரித்தது.

"ஒருத்தரும் அசையாதேங்கோ!" என்று மூலையிலிருந்து ஒரு குரல்.

நெட்டையான மனிதர். மூக்குக்கண்ணாடி கயிற்றில் கழுத்திலே தொங்கியது. யாருடைய விருந்தாளி என்று எனக்கு இன்றுவரை தெரியாது. பயணிகள் விமானம் விழுந்து நொறுங்கினால் காரணம் தேடப் போகிறவராம். அவர் போன விபத்துகள் ஒன்றிலும் ஒருவரும் தப்பவில்லையாம். பக்கத்திலிருந்தவர் என் காதில் சொன்னார். எது உடைந்து கிடந்தாலும் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு சுற்றி வருவாராம். இப்போது கேக்கைச் சுற்றி வந்தார்.

"என்ன நடந்தது, தங்கச்சி?"

"யன்னலாலை கடல்காத்து வந்தது. மெழுகுதிரி நூரப்போகுதெண்டு குனிஞ்சன். கால்மிதி வழுக்கிட்டுது," என்றா மச்சாள், மூக்கு நுனியில் ஐசிங்கோடு.

அவர் முகமெல்லாம் பல். "இன்னொருக்காச் சொல்லுங்கோ."

சொன்னா. நாங்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம்.

"இன்னும் ஒருக்கா?"

"ஐயோ அண்ணை, எத்தனை தரம் கேப்பியள்?"

"குறை நினைக்காதேங்கோ," என்றார் அவரும் சிரித்தபடி. "இவ்வளவு காலத்திலை, விழுந்த ஆளே எழும்பி நிண்டு எனக்குப் பதில் சொல்லுறது இதுதான் முதல் தரம்."

மச்சாள் அவரையே பார்த்தா. பிறகு கால்மிதியைப் பழைய இடத்தில் விரித்து, வெறுந்தட்டைக் கையில் தூக்கி, அவருக்காக முதலிலிருந்து விழுந்து காட்டினா.