உப்புப் போடாத மொச்சைச் சாறு

மக வாங்கி அனுப்புன ஸ்லோ குக்கர்ல இன்னைக்கு மொச்சையும் பன்னிக்கறி எலும்பும் போட்டேன். எட்டு மணி நேரம் தானா வேகுமாம்.

எண்பதுகள்ல, போடிமெட்டுக்கு மேல எஸ்டேட்டுல இருந்தப்ப, ஏலக்காய் உலர்த்துற ஸ்டோர் அடுப்புதான் எங்காத்தாவுக்கு குக்கர். விடிஞ்சதும் அந்தத் தணல்ல சட்டிய வச்சுட்டு, ஜீப்புல ஏறிக் காயெடுக்கப் போகும்.

"முதல்லயே உப்புப் போட்டா மொச்சை வேகாது. சாயந்தரம் நான் வந்து போடுறேன். யாரும் தொடாதீக"ன்னு சொல்லிட்டுத்தான் போகும்.

அப்படிப் போன ஒருநா, ஜீப்பு மெட்டு வளைவுல உருண்டுருச்சு.

"எழவு வீட்டுச் சட்டி, கொட்டிருங்க"ன்னு பக்கத்து வீட்டுப் பொம்பளைக சொன்னாக. அப்பா விடல. அடக்கம் பண்ணிட்டு வந்து, பிள்ளைக எங்க மூணு பேருக்கும் அவரே ஊத்துனாரு.

"உங்காத்தா ஆக்குனது. சாப்பிடுங்க அப்பு."

மொச்சை வெண்ணெயா வெந்திருந்துச்சு. நாங்க யாரும் உப்புக் கேக்கல.

இப்ப குக்கர் அணைஞ்சு ஒரு மணி நேரமாச்சு. உப்பு டப்பாவத் தொறந்து வச்சுட்டு நிக்கிறேன், கை போக மாட்டேங்குது.

போடிப் பக்கம் இருக்கவுக யாராச்சும் வெரசா வந்து, ஒரு கை உப்பை அள்ளிப் போட்டுட்டுப் போங்களேன்.