பெரியம்மான்னு கூப்புடு

எனக்கு ஏழு வயது நடந்தபோது, அம்மாவை அம்மா என்று கூப்பிடக் கூடாது என்று எங்கள் வீட்டில் ஒரு சட்டம் வந்தது. போட்டவள் அம்மாவேதான். அப்பாவுக்குத் தெரியாது, எங்கள் கூடவே இருந்த சித்திக்கும் தெரியாது. விழிதியூர் வீட்டில் அவளும் நானும் தனியாக இருக்கும் நேரத்தில் மட்டும் அந்தச் சட்டம் செல்லும்.

அம்மாவுக்கு மார்பில் கட்டி வந்திருந்தது. பாண்டியில் பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போய் அறுத்து எடுத்தார்கள். அப்புறம் ஊசி போடுவதற்காக அப்பாவும் அவளும் அடிக்கடி விடியற்காலை பஸ் ஏறுவார்கள். அந்த ஊசியில் முடியெல்லாம் கொட்டிப்போக, அம்மா தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு கூடத்துக் கட்டிலிலேயே கிடந்தாள்.

சித்தி அவளுடைய கூடப்பிறந்த தங்கை. காரைக்காலில் ஒரு ஜவுளிக்கடையில் வேலை. அக்காவைப் பார்த்துக்கொள்ள எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டாள். காலையில் சோறு வடித்து, அம்மாவுக்கு உடம்பு துடைத்துவிட்டு, எனக்குச் சடை பின்னி, பஸ்ஸைப் பிடிக்கப் பாதித் தலையைச் சீவியபடியே ஓடுவாள். கோட்டுச்சேரியிலிருந்து ஒருவர் வந்து அவளைப் பெண் பார்த்துவிட்டுப் போயிருந்தார். அவருக்குப் பிடித்திருந்தது. இவளுக்கும் பிடித்திருந்தது என்பதை, அந்தப் பேச்சு வரும்போதெல்லாம் தாகமே இல்லாமல் தண்ணீர் குடிக்க எழுந்து போவதை வைத்து நானே கண்டுபிடித்துவிட்டேன். பூ வைக்க நாள் கேட்டு மாப்பிள்ளை வீட்டில் ஆள் அனுப்பினால், "என் ஒடம்பு கொஞ்சம் தேறட்டுங்க" என்று அம்மா தள்ளிப்போட்டுக்கொண்டே இருந்தாள்.

சித்தி வேலைக்குப் போனதும் எனக்குப் பாடம் தொடங்கும்.

"சித்தி ஒனக்கு அம்மாவாயிட்டா, நான் ஒனக்கு யாரு?"

உறவுமுறையில் நான் புலி. "அம்மாவோட அக்கா. பெரியம்மா."

"அப்ப அப்படியே கூப்புடு. அவள அம்மான்னு சொல்லிப் பழகு. ஆனா நான் சொல்றவரைக்கும் அவ காதுல விழக் கூடாது."

எனக்கு இது நல்ல விளையாட்டாக இருந்தது. அம்மாவுக்கு இல்லை. பசிக்கிறது, சடை அவிழ்ந்துவிட்டது என்று எதற்காக நான் "அம்மா" என்று கூப்பிட்டாலும் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வாள். "பெரியம்மா" என்றால்தான் திரும்புவாள். சில நாள், நல்ல பிள்ளையாகச் சிரித்துக்கொண்டு, "என் தங்கம்ல, ஒரே ஒரு தரம் அம்மான்னு சொல்லு" என்பாள். நம்பிச் சொன்னால் தொடையில் நறுக்கென்று ஒரு கிள்ளு விழும். "பாத்தியா, ஏமாந்துட்ட." வலித்து அழுதிருக்கிறேன். கிள்ளிய இடத்தை அவளே தடவிக்கொடுக்கவும் செய்வாள்.

இப்படி ஒரு பைத்தியக்காரத்தனம் அவளுக்கு எங்கிருந்து வந்தது என்பது பின்னால்தான் தெரிந்தது. எங்கள் பக்கத்தில் அம்மாவின் தங்கையும் சித்திதான், அப்பா இரண்டாந்தாரமாகக் கட்டிக்கொண்டு வருகிறவளும் சித்திதான். இந்த இரண்டாவது சித்தியிடம் வளர்ந்தவள் அம்மா. பெற்றவள் செத்தபோது தங்கை பால்குடி. வந்தவளை அம்மா என்று கூப்பிட இவளுக்கு நாக்கு வரவில்லை. கடைசிவரைக்கும் சித்தி என்றே கூப்பிட்டாள். விழுந்த அடியும், கிடைத்த பழைய சோறும் அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் என்று அவள் முழுசாக நம்பினாள். தங்கையை இடுப்பில் தூக்கி வளர்த்தவளும் அவள்தான். தான் போன பிறகு அப்பா எப்படியும் ஒருத்தியைக் கட்டிக்கொள்வார், அது தன் தங்கையாக இருக்க வேண்டும், அவளும் எனக்குச் சித்தியாகிவிடக் கூடாது. இதுதான் அவள் போட்ட திட்டம்.

அந்த வருடம் காரைக்காலில் நடக்கும் மாங்கனித் திருவிழாவுக்குப் போயே ஆக வேண்டும் என்று அம்மா அடம்பிடித்தாள். அப்பா மின்துறையில் லைன்மேன். சாமி புறப்பாட்டின்போது குறுக்கே போகும் கம்பிகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை அவருக்கு இருந்ததால் முன்னாடியே போய்விட்டார். நாங்கள் மூவரும் ஆட்டோவில் போனோம். என்ன வேண்டுதல் என்று அம்மாவை யாரும் கேட்கவில்லை. நோயாளிக்கு வேறு என்ன வேண்டுதல் இருக்கப்போகிறது என்று எல்லோரும் நினைத்துக்கொண்டார்கள்.

மூடியிருந்த ஒரு கடையின் படியில் அம்மாவை உட்காரவைத்துவிட்டு, சித்தி என் கையைப் பிடித்துக்கொண்டு தெருவில் நின்றாள். பிச்சாண்டவர் பல்லக்கு நெருங்கியதும் இரண்டு பக்க மாடிகளிலிருந்தும் மாம்பழம் கொட்டத் தொடங்கியது. வேண்டுதல் பலித்தவர்கள் வீசுவது. அதைப் பிடித்துவிட்டால் நினைத்தது நடக்கும் என்று பெண்கள் முந்தானையை விரித்துக்கொண்டு முட்டி மோதினார்கள். சித்தியும் முந்தானையை விரித்தாள். அவள் என்ன நினைத்துக்கொண்டு விரித்தாள் என்பது எனக்குத் தெரியும், அதனால் சிரித்தேன்.

அப்போது பின்னாலிருந்து கூட்டம் நெட்டித் தள்ளியது. சித்தியின் கை நழுவி நான் குப்புற விழுந்தேன். என் முதுகில் ஒரு கால், கையில் ஒரு கால். மண்ணும் மாம்பழச் சாறும் வாயில் அப்ப, "அம்மா!" என்று அலறினேன்.

கட்டிலிலிருந்து இறங்கவே ஆள் துணை வேண்டியிருந்த அம்மா எப்படி எழுந்தாள், அந்தக் கூட்டத்தை எப்படிப் பிளந்துகொண்டு வந்தாள் என்பது இன்றுவரைக்கும் எனக்கு விளங்கவில்லை. என் சட்டையைப் பிடித்துத் தூக்கி மார்போடு அணைத்தாள். அவள் தலைத்துண்டு எங்கோ விழுந்துவிட்டிருந்தது. வெயிலில் அந்த மொட்டைத் தலையைப் பார்த்ததும் எனக்குப் பயமாகிவிட்டது. திமிறிக்கொண்டு கத்தினேன்.

"நீ இல்ல பெரியம்மா! நான் அம்மாவக் கூப்புட்டேன்!"

கையை உதறிவிட்டு ஓடிப்போய்ச் சித்தியின் இடுப்பைக் கட்டிக்கொண்டேன். "அம்மா, அம்மா" என்று அவள் சேலையில் முகத்தைத் தேய்த்து அழுதேன். அவள் முந்தானையில் ஒரு பழம் விழுந்திருந்தது. அதை அவள் பிடித்துக்கொள்ளவும் இல்லை, போடவும் இல்லை.

"என்னக்கா சொல்லுது இது?" என்றாள்.

அம்மாவின் முகத்தை நான் எட்டிப் பார்த்தேன். சட்டத்தை மீறிச் சித்தி காதில் போட்டுவிட்டேனே, கிள்ளு விழுமே என்ற பயம் எனக்கு. ஆனால் அவள் கோபப்படவில்லை. நான் பரீட்சையில் முதலாவதாக வந்த அன்று பார்த்த மாதிரியே பார்த்தாள். அடுத்த நிமிடம் அந்தத் தெருவிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

ஆட்டோ பிடித்து வீடு வந்து சேர்ந்தோம். கொல்லையில் என்னைக் கால் கழுவ விட்டுவிட்டுச் சித்தி உள்ளே போனாள். சத்தம் நன்றாகவே கேட்டது.

"என்னைய ஒரு வார்த்த கேக்கணும்னு ஒனக்குத் தோணலையாக்கா?"

"கேட்டா மாட்டேன்னுடுவியோன்னு பயமா இருந்துச்சு."

"மாட்டேன்னு சொல்ற எடத்துலயா நீ என்னைய வச்சிருக்க?"

அதற்கப்புறம் அழுகைதான். யார் அழுதார்கள் என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. கோட்டுச்சேரிக்கு மறுநாளே ஆள் போய்ச் சம்பந்தம் வேண்டாமென்று சொல்லிவிட்டு வந்தது. சித்தி ஜவுளிக்கடை வேலையையும் விட்டுவிட்டாள். அந்தப் பேச்சு எங்கள் வீட்டில் பிறகு எடுக்கப்படவே இல்லை. நான் எல்லோர் முன்னாலும் அவளை அம்மா என்றும் அம்மாவைப் பெரியம்மா என்றும் கூப்பிட்டேன். முதல்தடவை கேட்ட அன்று அப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். பாதிச் சோற்றில் கையைக் கழுவிவிட்டு வெளியே போய்விட்டார்.

அம்மா நினைத்தபடியே எல்லாம் நடந்தது. அப்பாவைக் கட்டிக்கொண்ட சித்தி ஒரு நாளும் எனக்குச் சித்தியாக இருந்ததில்லை. பழைய சோறு நான் பார்த்ததே இல்லை. ஒரு தாய் தன் பிள்ளைக்கு இவ்வளவு செய்ய முடியுமா என்று நினைத்து உருகியிருக்கிறேன். தான் தூக்கி வளர்த்த இன்னொரு பிள்ளையை அதற்குக் கொடுத்தாளே என்று அவள்மேல் ஆத்திரமும் பட்டிருக்கிறேன். இப்போது என் மகள் எங்கிருந்து அம்மா என்று கூப்பிட்டாலும், அடுப்பில் பால் பொங்கினாலும் விட்டுவிட்டு முதல் குரலுக்கே ஓடுகிறேன். செல்லம் கொடுத்துக் கெடுக்கிறாய் என்று வீட்டுக்காரர் சொல்கிறார். சொல்லட்டும்.

திருவிழா நடந்த அதே வருடம், ஐப்பசி மழை விடாமல் அடித்த ஒரு நாள், பள்ளிக்கூடத்துக்கு லீவு விட்டிருந்தார்கள். அம்மா எலும்பாகிவிட்டிருந்தாள். சித்தி பக்கத்தில் உட்கார்ந்து கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். அம்மா கஞ்சியை வேண்டாமென்று தள்ளிவிட்டு என்னை அருகில் கூப்பிட்டாள்.

"ஒரு தரம் அம்மான்னு கூப்புடுடி."

எனக்குத் தெரியாத தந்திரமா? தொடையைக் கையால் மறைத்துக்கொண்டு அவள் முகத்தை உற்றுப் பார்த்தேன். உதடு துடித்தது. சிரிப்பை அடக்குகிறாள் என்று நினைத்தேன்.

"போ பெரியம்மா, நான் ஏமாற மாட்டேன்."

"கெட்டிக்காரி" என்றாள் அம்மா. கண்ணை மூடிக்கொண்டாள்.

சித்தி கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டு என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "சொல்லுடி. ஒரே தரம் சொல்லிடுடி. ஒன் கால்ல விழறேன், சொல்லுடி."

அம்மா நிஜமாகவேதான் கேட்டாள் என்பதும், இன்னொரு தடவை கேட்க அவளுக்கு நாள் இல்லை என்பதும் எனக்குத் தெரியாது. இரண்டு பேரும் கூட்டுச் சேர்ந்துகொண்டு என்னைத் தோற்கடிக்கப் பார்க்கிறார்கள் என்று நினைத்தேன். இரண்டு கையாலும் வாயை இறுகப் பொத்திக்கொண்டு, ஜெயித்துவிட்ட சந்தோஷத்தில் வாசலுக்கு ஓடினேன்.