ஸ்பீக்கர் ஒயர்

எண்பதுகளின் கடைசியில் மதுரை சிம்மக்கல்லில் வீடியோ கேம் கடை வைத்திருந்தேன். குழிகளைத் தாண்டிக் குதித்து ஓடும் பொம்மை ஆட்டத்துக்குத்தான் கூட்டம். பக்கத்துத் தையல் கடையில் வேலை பார்த்த செல்வம் டீ நேரத்தில் வருவான். ஒரு குழியில்கூட விழாமல் ஆடுவான்.

நாள் முழுக்க அந்த ஆட்டத்தின் ஒரே இசையைக் கேட்டுக் கேட்டு எனக்குத் தலைவலி. ஒருநாள் எரிச்சலில் ஸ்பீக்கர் ஒயரைப் பிடுங்கிவிட்டேன்.

அன்று செல்வம் முதல் குழியிலேயே விழுந்தான். மறுபடியும் விழுந்தான். "அண்ணே, சத்தம் வைங்கண்ணே" என்று என் காதருகே வந்து கேட்டான்.

"ஏன் மாப்ள, கண்ணு தெரியலயா?" என்று கத்தினேன். கடையே சிரித்தது. டீ கிளாஸோடு பின்னால் நின்ற அவன் முதலாளி மட்டும் சிரிக்கவில்லை.

மறுநாள் அவர் செல்வம் கையில் ஊசியையும் நூலையும் கொடுத்துக் கோர்க்கச் சொன்னாராம். அவனால் முடியவில்லை. அன்றோடு வேலை போயிற்று. ஒரு வருஷமாகவே பார்வை மங்கிக்கொண்டு வந்ததாம்; கடையில் அவனுக்குப் பக்கத்து மிஷினில் தைப்பவர்தான் ரகசியமாக நூல் கோர்த்துக் கொடுத்திருக்கிறார். அவரே வந்து என்னிடம் சொல்லி அழுதார்.

ஒயரைத் திரும்ப மாட்டினேன். செல்வம் வரவேயில்லை.

ஒரு மத்தியானம் கடை காலியாக இருந்தபோது, கண்ணை மூடிக்கொண்டு ஆடிப் பார்த்தேன். குழி நெருங்கும்போது இசை லேசாக மாறுகிறது என்பதே அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. இரண்டு வருஷமாக என் கடையில் ஓடிய இசை. எத்தனை தடவை ஆடியும் முதல் குழியைக்கூட என்னால் தாண்ட முடியவில்லை.