ஓடுகிற படத்தில் ஒரு முகம்

பவளம் எழும்பிக் கத்தியதில் அன்றைய ஞாயிற்றுக் காட்சி குழம்பிப்போனது.

1985. நாங்கள் வந்து சேர்ந்த கனடிய நகரத்தில், டான்ஃபோர்த் தெருப் பக்கம் ஒரு பழைய தியேட்டரை ஞாயிறு காலைகளில் வாடகைக்கு எடுத்துத் தமிழ்ப்படம் ஓட்டிக்கொண்டிருந்தேன். படப்பெட்டியோடு இந்தியாவிலிருந்து ஒரு செய்திச்சுருளும் வரும். சனம் காரை விட்டுவிட்டு வந்து இருக்கும்வரை அதை ஓட்டுவோம். அன்று அதில், இலங்கையிலிருந்து தப்பிப்போன எங்கள் ஆட்கள் இராமேசுவரத்தில் வள்ளத்தால் இறங்கும் காட்சி...

"நிப்பாட்டுங்கோ! உவன் என்ர தம்பி!"

இருட்டுக்குள் "நிப்பாட்டு" என்று கேட்டதும் பாதிச் சனம் வாசலுக்கு ஓடியது. ஊரில் கலவரத்தின்போது பஸ்ஸை மறித்துத் தமிழரைத் தேடியவர்களிடம் அதே சொல்லைச் சிங்களத்தில் கேட்டுத் தப்பி வந்த சனம்.

மேலே மெஷின் அறைக்கு ஓடினேன்.

"நோ ஸ்டாப்! பிலிம் பேர்ன்!" என்றார் ஒப்பரேற்றர் நிக், ஒரு கிரேக்கர். நிறுத்தினால் விளக்குச் சூட்டில் சுருள் கருகிவிடும்.

சனத்தை இருத்திப் படத்தைத் தொடங்கினோம். பவளம் மேலேயே வந்துவிட்டாள். கலவரத்தில் பிரிந்த தம்பி. இருக்கிறானா இல்லையா என்றே தெரியாது. காட்சி முடிந்ததும் பெட்டிகள், அடுத்து ஓட்டும் மொன்றியல்காரருக்காக பஸ்ஸில் ஏறிவிடும்.

நிக் செய்திச்சுருளை மேசையில் போட்டுக் கையால் சுற்றினார். நான் ரோர்ச் வெளிச்சம் பிடித்தேன். முகங்கள் எள்ளளவு. அடுத்த ரீலை மாற்றும் நேரம் வேறு நெருங்கிக்கொண்டிருந்தது.

"உவனோ பிள்ளை?"

"இல்லை அண்ணை... பொறுங்கோ, கண் கலங்குது."

"அழுகையைப் பிறகு வைச்சுக்கொள். முதல்ல ஆளைப் பார்!"

சுருள் நகர்ந்தது...

"இந்தா! நெத்தியில கைவைச்சு வெயில் மறைக்கிறான். உவன்தான். உயிரோட இருக்கிறான் அண்ணை!"

நிக் கத்தரிக்கோலை எடுத்தார். இரவல் பிரதி. வெட்டியது தெரிந்தால் இனி எனக்கு ஒருவரும் பெட்டி தரமாட்டார்கள்.

"த்ரீ பிரேம். நோபடி சீ." மூன்று பிரேம் குறைந்தால் ஒருவர் கண்ணுக்கும் தெரியாதாம்.

வெட்டி, ஒட்டி, துண்டைப் பவளத்தின் கையில் வைத்துவிட்டு மெஷினுக்குப் பாய்ந்தார்.

இப்போது பேரன் போனில் விரலை வைத்தால் எந்த முகமும் நிற்கிறது. நல்லதுதான். ஆனாலும் ஒரு முகத்துக்காக மூன்று பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்ற அந்த அறையை நான் இடைக்கிடை நினைப்பேன்...

அன்று அந்த வெட்டுக்கு நிக் இருபது டொலர் கேட்டார். பேரம் பேசாமல் விடுவேனா? பத்து டொலர், நாலு மட்டன் ரோல்ஸ், மொன்றியல்காரரிடம் இருவரும் வாய் திறப்பதில்லை என்று முடித்தோம்.