வெண்டிலேட்டர் வேண்டாமென்று எழுதிய தாளும் விழுப்புரம் சாலையும்

நவம்பர் மாதத்து வெள்ளிக்கிழமை, பிற்பகல் 1.40. திண்டிவனம் மேம்பாலத்தருகிலிருந்து எங்கள் வாடகைக் கார் புறப்பட்டது. விழுப்புரத்துக்கு ஏறத்தாழ நாற்பது கிலோமீட்டர். போக வர ஆயிரத்து எண்ணூறு ரூபாய். பின் இருக்கையில் ஸ்ரீமதி அம்மாள். செஞ்சிப் பக்கத்துச் சமணக் குடும்பத்தவர்; முப்பது ஆண்டுகள் மல்லாட்டை என்னும் நிலக்கடலை மண்டி நடத்தியவர். நுரையீரல் புற்றுநோய் இப்போது எலும்புவரை பரவிவிட்டது. நோயாளிகளை வீடு தேடிச் சென்று கவனிக்கும் தொண்டுக் குழுவில் நான் இருப்பதால் அவரை அறிவேன்.

அவர் மடியிலிருந்த மூன்று தாள்களே பயணத்தின் காரணம். மீள வழியில்லை என்று மருத்துவர்கள் உறுதிசெய்த பிறகு தமக்குச் செயற்கைச் சுவாசக் கருவி பொருத்தக் கூடாது, வலிக்கு மட்டும் மருந்து தர வேண்டும் என்று எழுதியிருந்தார். தாம் பேச முடியாதபோது மருத்துவர்களிடம் பேசும் பொறுப்பு மகளுக்கு. மகள் சம்மதித்திருந்தார், ஆனால் உடன்வர மனம் தாங்காமல் வீட்டிலேயே இருந்துவிட்டார்.

உயிரைப் போக்க ஊசி போடுவதை நம் சட்டம் ஏற்பதில்லை. செயற்கைச் சுவாசம் போன்ற சிகிச்சையை முன்கூட்டியே மறுத்தெழுதுவதை ஏற்கிறது. இரண்டு சாட்சிகளும் நோட்டரி போன்ற ஒருவரின் சான்றும் வேண்டும். அன்று காலை திண்டிவனத்தில் அணுகிய நோட்டரி, “கருணைக்கொலைக்கெல்லாம் நான் சீல் வைக்கறதில்ல” என்று முதல் பத்தியைப் படித்ததுமே தாளைத் திருப்பித் தந்துவிட்டார். மூச்சு நாளுக்கு நாள் குறைந்துவரும் ஒருவரிடம் அடுத்த வாரம் பார்க்கலாம் என்று சொல்ல எனக்குத் துணிவில்லை. அதனால் விழுப்புரத்தில் வேறொரு நோட்டரியைப் பார்க்கப் புறப்பட்டோம்.

2.05, கூட்டேரிப்பட்டு. முதல் சாட்சி நான். இங்கே ஏறுவதாகச் சொன்ன இரண்டாம் சாட்சி, அம்மாளின் பழைய மண்டிக் கூட்டாளி, வரவில்லை, தொலைபேசியையும் எடுக்கவில்லை.

ஓட்டுநர் ஏழுமலை கண்ணாடி வழியே பார்த்தார். “நான் போடலாமாம்மா கையெழுத்து?”

“போடலாம். என்ன எழுதியிருக்குதுன்னு தெரிஞ்சிக்கினு போடு.”

முழுவதையும் படித்துக் காட்டினேன். விக்கிரவாண்டி சுங்கச்சாவடியைத் தாண்டியதும் ஏழுமலை, “நாளைக்கி யாராச்சும், ஏன்டா ஒரு உசுர அப்படியே வுட்டுட்டீங்கன்னு என்னைக் கேட்டா?”

“நீ ஓட்டற ஓட்டுக்கு, ஆஸ்பத்திரி வரைக்கும் போவேனான்னே தெரியல. மொதல்ல அந்த லாரிய வுட்டு வெலகு.”

ஏழுமலை சிரித்துவிட்டார். “போடறேம்மா.”

3.00, விழுப்புரம். நோட்டரி நீதிமன்றத்தில் இருந்தார். அவர் அலுவலகப் பெஞ்சில் அம்மாளைச் சாய்த்து உட்கார வைத்தோம். இருமல் வரும்போதெல்லாம் ஏழுமலை முதுகைத் தாங்கிப் பிடித்தார். நோட்டரி வந்தபோது மணி 5.10. மூன்று தாள்களையும் நிதானமாகப் படித்தார்.

“தப்பா நெனைக்காதீங்கம்மா. உங்க ஜனங்கள்ல சாப்பாட்ட நிறுத்தி உசுர வுடற விரதம் ஒன்னு உண்டே. அதுக்குத்தானே இந்தப் பேப்பரு?”

ஒரு வாரமாகத் திரட்டிவைத்திருந்த சட்ட விளக்கங்களோடு நான் பேச வாயெடுத்தேன். அம்மாள் கையசைத்து நிறுத்தினார்.

“மணி என்ன தம்பி?”

“அஞ்சே கால் தாண்டிடுச்சும்மா,” என்றேன்.

பையிலிருந்த டப்பாவை எடுத்து நோட்டரியின் மேசைமீதே திறந்தார். நான்கு இட்லி, ஓரத்தில் பருப்புப் பொடி. சமணர் வழக்கப்படி, கதிரவன் மறைந்தபின் அவர் உண்பதில்லை. நோயிலும் அவ்வழக்கத்தை விடவில்லை.

“விரதம் எடுக்கறவங்க எல்லாத்தயும் துறந்தவங்க. அவங்கள நான் கும்புடுவேன். எனக்கு அந்த மனசு வரல. நீங்க இப்ப வந்துடுவீங்க, அப்ப வந்துடுவீங்கன்னு பாத்துக்கினு, பொழுது போறதுக்குள்ள இத சாப்புடணுமேன்னு மூணு மணிலேர்ந்து பேஜாராயி ஒக்காந்துக்கினு இருக்கேன். சாவ அவசரப்படறவ மாதிரியா இருக்கேன்?” ஒரு விள்ளலை மென்று விழுங்க வெகுநேரம் ஆயிற்று. “எங்க வூட்டுக்காரர் பத்தொம்பது நாள் அந்த மிஷின்ல கெடந்தாரு. ஒரு வாய் தண்ணி குடுக்க முடியல, ஒரு வார்த்த கேக்க முடியல. வாயெல்லாம் குழாய். எனக்கு வாய் வாயாவே இருக்கணும் சார்.”

நோட்டரி தண்ணீர்ச் செம்பை அவர் பக்கம் நகர்த்தினார். இரண்டரை இட்லி முடியும்வரை காத்திருந்தார். பிறகு எங்கள் இருவரையும் வெளியே அனுப்பிவிட்டு, அம்மாளிடம் தனியே பத்து நிமிடம் பேசினார். எங்களைத் திரும்ப அழைத்தபோது முத்திரை மை மேசைமேல் இருந்தது. அம்மாள், நான், ஏழுமலை என்ற வரிசையில் கையெழுத்திட்டோம்.

6.15க்கு விழுப்புரத்தை விட்டோம். என் கையெழுத்தின் விளைவை எண்ணிக்கொண்டே வந்தேன். ஒருநாள் தீவிரச் சிகிச்சைப் பிரிவின் வாசலில் ஒரு மருத்துவர் தயங்கக்கூடும், ஓர் உறவினர் என் சட்டையைப் பிடிக்கக்கூடும். இத்தாள் அவர் வாழ்நாளில் ஒரு மணி நேரத்தையும் குறைக்கவில்லை என்று அன்று நான் சொல்லியாக வேண்டும். சொல்வேன்.

திண்டிவனம் நெருங்கியதும் ஏழுமலை, அம்மாளின் வீட்டுத் தெருவுக்கு வண்டியைத் திருப்பினார்.

“வூட்டுக்கு வேணாம், ஆஸ்பத்திரிக்கு வுடு,” என்றார் அம்மாள். “என் ஃபைல்ல இத வச்சிட்டுப் போவலாம். வூட்டுல வச்சா எம்பொண்ணு அழுதுக்கினே பீரோவுல பூட்டிப்புடுவா.”

7.05க்கு, அவருக்குச் சிகிச்சை தரும் மருத்துவமனை வாசலில் இறங்கினோம். படியேற நான் கை நீட்டினேன். அவர் தாள்களை மட்டும் என்னிடம் கொடுத்துவிட்டு, கைப்பிடியைப் பற்றித் தாமே ஏறினார்.