கூப்பிட்டும் வராத படகோட்டி

நம்பாமல் இருப்பதுதான் என் வேலை. வங்காளத்தில், சால்ட் லேக்கில் ஒரு மென்பொருள் கம்பெனியில் டெஸ்டராக இருக்கிறேன். எல்லாம் சரியாக ஓடுகிறது என்று ஒருவர் கொண்டுவந்து வைத்தால், அதை நம்பாமல் உடைத்துப் பார்ப்பதற்குத்தான் எனக்குச் சம்பளம். வீட்டில் யாராவது கனவில் வந்து சொன்னார்கள், அருள்வாக்கு பலித்தது என்று பேச ஆரம்பித்தால் தட்டைக் கையில் எடுத்துக்கொண்டு வேறு அறைக்குப் போய்விடுகிற ஆள் நான். போன ஜனவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நடந்ததைச் சொல்லப்போகிறேன். நீங்கள் சிரித்தால் கோபித்துக்கொள்ள மாட்டேன். உங்கள் இடத்தில் இருந்தால் நானும் சிரிப்பேன். ஆனால் கவிதா அன்றைக்கு என் பக்கத்தில்தான் இருந்தாள், அவளும் பார்த்தாள், அதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

கவிதா என் அறைத்தோழி, மதுரைக்காரி. நான் நாகர்கோவில். அலிப்பூருக்கு அடுத்தாற்போல் சேத்லாவில் ஒரு பழைய வீட்டின் மாடியில் இரண்டு பேரும் வாடகைக்கு இருக்கிறோம். கீழே வீட்டுக்காரர் குடும்பம். தபன்தா, அவர் மனைவி ரூபா போவ்தி, தபன்தாவின் அப்பா நிதாய் பாபு. தா என்றால் அண்ணன், போவ்தி என்றால் அண்ணி. நிதாய் பாபுவை நாங்கள் ஜேட்டு என்போம், பெரியப்பா மாதிரி. ஜேட்டு முப்பது வருடத்துக்கு மேல் ஹுக்ளி ஆற்றில் ஹவுராவுக்கும் பாபுகாட்டுக்கும் நடுவே பயணிகள் படகு ஓட்டியவர். இப்போது எழுபத்தாறு வயது. இரண்டு வருடமாக ஞாபகம் நழுவிக்கொண்டிருக்கிறது. காலையில் சாப்பிட்டதை மத்தியானம் மறந்துவிடுவார், ஆனால் எந்தப் படித்துறையில் எந்த மாதத்தில் எவ்வளவு சேறு இருக்கும் என்று கேட்டால் கண்ணை மூடிக்கொண்டு சொல்வார்.

எனக்குக் கம்ப்யூட்டர் விளையாட்டு ஒரு பைத்தியம். வாள், குதிரை, மந்திரம், பெரிய உலகம், அதில் நம் இஷ்டத்துக்குச் சுற்றித் திரியலாம், அந்த மாதிரி விளையாட்டு. சனி ஞாயிறுகளில் நான் விளையாட உட்கார்ந்தால் ஜேட்டு மாடிப்படி ஏறி வந்து பக்கத்து நாற்காலியில் அமர்ந்துவிடுவார். அவருக்குச் சண்டை பிடிக்காது. அவருக்குப் பிடித்தது கன்சோல்.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். கீபோர்டில் எஸ்கேப்புக்குக் கீழே ஒரு சின்ன விசை உண்டு. அதை அழுத்தினால் விளையாட்டு அப்படியே உறைந்து நின்று, மேலேயிருந்து ஒரு கறுப்புத் திரை பாதி இறங்கும். விளையாட்டை உருவாக்கியவர்கள் சோதித்துப் பார்க்க வைத்துக்கொண்ட கதவு அது. அங்கே சரியான வார்த்தையைத் தட்டினால் சுவருக்குள் நடக்கலாம், இரவைப் பகலாக்கலாம், செத்தவரை எழுப்பலாம், உலகத்தின் எந்த மூலையில் இருப்பவரையும் நம் முன்னால் கொண்டுவந்து நிறுத்தலாம். முதல் தடவை நான் சுவருக்குள் நடந்தபோது ஜேட்டு தொடையில் தட்டிக்கொண்டு, "ஏ தோ ஜோச்சுரி" என்றார். இது மோசடி என்று அர்த்தம். சொல்லிவிட்டு, "இன்னொரு வாட்டி பண்ணு" என்றார்.

அந்த விளையாட்டில் ஆற்றங்கரையில் ஒரு படகோட்டி நிற்பான். பெயர்கூடக் கிடையாது, வெறும் 'படகோட்டி'. ஜேட்டுவின் கண் அவன் மேலேயே இருந்தது. அதனால் ஒருநாள் கன்சோலைத் திறந்து அவன் பெயரை நிதாய் என்று மாற்றினேன். தலைக்கு மேல் தன் பெயர் தெரிந்ததும் மனுஷர் படியிறங்கிப் போய் போவ்தியைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்து காட்டினார். இன்னொரு நாள் ஆற்றிலிருந்து ராட்சத நண்டு ஒன்று ஏறி வந்து அந்தப் படகோட்டியை ஒரே அடியில் கொன்றுவிட்டது. ஜேட்டு நாற்காலி விளிம்புக்கு நகர்ந்து வந்து திரையைப் பார்த்தார். நான் கறுப்புத் திரையை இறக்கி உயிர்ப்பிக்கும் கட்டளையைத் தட்டினேன். படகோட்டி துள்ளி எழுந்து, எதுவுமே நடக்காதது போல், 'அக்கரைக்குப் போகணுமா?' என்றான். ஜேட்டு இருமல் வருகிற வரைக்கும் சிரித்தார். அந்த வாரம் முழுக்கத் தெருவில் டீக்கடை, மீன்கடை, மருந்துக்கடை எல்லா இடத்திலும் தான் செத்துப் பிழைத்த கதையைச் சொல்லிக்கொண்டிருந்தார். எதை மறந்தாலும் அதை மட்டும் மறக்கவில்லை.

இப்போது அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன். காலை ஒன்பதரை மணிக்கு, போவ்தி குளிக்கப் போன நேரத்தில், ஜேட்டு கதவைத் திறந்துகொண்டு வெளியே போய்விட்டார். சட்டைக்கு மேல் சாம்பல் நிற ஸ்வெட்டர், தலையில் மங்கி கேப், காலில் வீட்டுச் செருப்பு. கையில் போன் இல்லை. பத்து மணிக்குள் தெருவே தேட ஆரம்பித்துவிட்டது. போலீஸ் ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்தார்கள். ஆற்றை விட்டு அவர் எங்கே போவார் என்று தபன்தா மோட்டார் பைக்கில் ஒவ்வொரு படித்துறையாகப் போனார். பாபுகாட், அப்புறம் ஹவுரா, ஹவுரா ஸ்டேஷன் உள்ளே ஒவ்வொரு பிளாட்பாரமும். எங்கும் இல்லை.

மத்தியானம் ஒன்றரை மணிக்கு போவ்தியும் கிளம்பினார். போகும்போது என்னிடம், "ஷீபா, நீ வீட்டிலேயே இரு. பாபா திரும்பி வந்தா யாராவது இருக்கணும்" என்றார். மாமனாரை அவரும் பாபா, அதாவது அப்பா, என்றுதான் கூப்பிடுவார். நானும் கவிதாவும் கீழ்க்கதவைத் திறந்து வைத்துவிட்டு, மாடி ஜன்னலில் இருந்து தெருவைப் பார்த்துக்கொண்டே இருந்தோம்.

சும்மா இருக்க முடியவில்லை. நான் போய் கம்ப்யூட்டரைப் போட்டேன். ஏன் என்று கேட்காதீர்கள், எனக்கே தெரியாது. கவிதாவுக்குக் கோபம் வந்தது.

"என்னடி பண்ற? இப்ப விளையாடுற நேரமா இது?"

"விளையாடல. சும்மா பாக்கணும் போல இருக்கு."

"எதை?"

"ஜேட்டுவை."

அவள் என் பின்னால் வந்து நின்றாள்.

விளையாட்டில் நான் முந்தின நாள் விட்ட இடத்தில், ஒரு மலைக்கோட்டையில் இருந்தேன். கறுப்புத் திரையை இறக்கி, படகோட்டியை என்னிடம் கொண்டுவரும் கட்டளையைத் தட்டினேன். நூறு தடவையாவது தட்டியிருப்பேன், ஒருமுறைகூடத் தவறியதில்லை. அன்றைக்கு வரவில்லை. மறுபடி தட்டினேன். இல்லை. எழுத்துப் பிழையா என்று ஒவ்வொரு எழுத்தாகப் பார்த்துவிட்டு மூன்றாவது தடவை தட்டினேன். கோட்டையில் நான் மட்டும்தான் நின்றுகொண்டிருந்தேன்.

"அவரைக் கூப்பிட்டா வரலைன்னா, நீ அவர்கிட்ட போக முடியாதா?" என்றாள் கவிதா. விளையாட்டைப் பற்றி ஒன்றும் தெரியாதவள்.

அதற்கும் கட்டளை உண்டு. தட்டினேன். திரை இருண்டு, திறந்தது.

ஆற்றங்கரை இல்லை. ஒரு ஏரி. அந்த விளையாட்டின் வரைபடம் எனக்கு மனப்பாடம், அதில் ஏரி என்று ஒன்றே கிடையாது. பெரிய ஏரி, நடுவில் ஆகாயத்தாமரை திட்டுத் திட்டாக மிதக்கிறது. அந்தத் திட்டுகள் மேலெல்லாம் பறவைகள். பழுப்பு நிற வாத்துகள், ஆயிரக்கணக்கில், நெருக்கியடித்து உட்கார்ந்திருக்கின்றன. கரையில் எங்களுக்கு முதுகைக் காட்டியபடி படகோட்டி தரையில் உட்கார்ந்திருந்தான். அவன் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை. நிற்கத்தான் அவனைச் செய்திருந்தார்கள்.

கவிதா குனிந்து திரைக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுபோனாள்.

"இது சாந்த்ராகாச்சிடி" என்றாள். "ஸ்டேஷனுக்குப் பின்னாடி ஏரி. போன மாசம் எங்க ஆபீஸ்ல பறவை பாக்கக் கூட்டிட்டுப் போனாங்கள்ல, இதே ஏரி. அந்தப் பக்கம் அந்த மரம்கூட அப்படியே இருக்கு."

அப்போது ஒரு ரயில் ஊதும் சத்தம் கேட்டது. சேத்லாவிலும் ரயில் சத்தம் கேட்கும், பக்கத்தில்தான் லைன் போகிறது. ஸ்பீக்கரில் வந்ததா ஜன்னல் வழியாக வந்ததா என்று என்னால் சத்தியம் செய்ய முடியாது.

ரயில், ஏரி, சாந்த்ராகாச்சியேதான், ஆற்றுக்கு அந்தப் பக்கம், ஹவுராவைத் தாண்டி. ஜேட்டுவை அங்கே தேட யாருக்குமே தோன்றியிருக்காது. ஆனால் எங்கள் தெருமுனைக்குப் போனால் பாலத்தைத் தாண்டிப் போகிற பஸ் கிடைக்கும். நான் தபன்தாவுக்குப் போன் செய்தேன். கம்ப்யூட்டரில் பார்த்தேன் என்றா சொல்ல முடியும்?

"தபன்தா, ஜேட்டுவை சாந்த்ராகாச்சி ஏரிக்கரையில பார்த்ததா ஒருத்தர் சொன்னாங்க."

"யாரு சொன்னாங்க?"

"போங்க தபன்தா, முதல்ல போங்க."

அவர் அப்போது ஹவுராவில் இருந்தார். அங்கிருந்து எவ்வளவு சீக்கிரம் போனாலும் அரைமணி நேரம். அந்த அரைமணி நேரம் நான் விளையாட்டை மூடவில்லை, மூட மனம் வரவில்லை. என் ஆளை நடக்கவைத்துப் படகோட்டியின் பக்கத்தில் கொண்டுபோய் உட்காரவைத்தேன். வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், திரையைப் பார்த்து வாய்விட்டுப் பேசவும் செய்தேன். "எங்கயும் போயிராதீங்க ஜேட்டு, தபன்தா வந்துட்டிருக்கார், கொஞ்ச நேரம்தான்." தமிழில்தான். பதற்றத்தில் வங்காளம் எங்கே வரும்? எப்போதும் கிண்டல் செய்கிற கவிதா அன்றைக்கு என் தோளில் கையை வைத்துக்கொண்டு சும்மா நின்றாள்.

போன் அடித்தது. தபன்தா அழுதுகொண்டே சிரித்தார், சிரித்துக்கொண்டே அழுதார். "கிடைச்சிட்டார் ஷீபா, இங்கதான் உக்காந்து வாத்து பார்த்துக்கிட்டிருக்கார்."

கவிதா என்னைத் தூக்கிச் சுற்றிவிட்டாள். என் எடைக்கு அது சாதாரண வேலை இல்லை. சுற்றி இறக்கியபின் திரையைப் பார்த்தேன். வழக்கமான ஆற்றங்கரை. வழக்கமான இடத்தில் படகோட்டி நின்றுகொண்டு, அக்கரைக்குப் போகணுமா என்று கேட்டுக்கொண்டிருந்தான்.

அன்று சாயங்காலம் எங்கள் வீட்டில் பூஜை நாட்களில்கூட அவ்வளவு கூட்டம் வந்ததில்லை. ஜேட்டு பைக்கில் பின்னால் உட்கார்ந்து ராஜா மாதிரி வந்து இறங்கினார். தேடப் போனவர்கள் எல்லாரும் வந்துவிட்டார்கள். மீன்கடைக்காரர் ஒரு பெரிய மீனைக் கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போனார். போவ்தி ஒரு கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுகையால் எல்லார் வாயிலும் பனைவெல்ல சந்தேஷை ஊட்டிக்கொண்டிருந்தார். எனக்கு நான்கு. ஜேட்டுவுக்கு எதற்கு இவ்வளவு கொண்டாட்டம் என்று புரியவில்லை, ஆனால் இனிப்பு இருந்ததால் அவரும் சேர்ந்து கொண்டாடினார். எதற்கு அங்கே போனீர்கள் என்று கேட்டதற்கு, "பஸ் போச்சு, நானும் போனேன்" என்றார். இதைவிட நல்ல பதில் எனக்கும் தெரியாது.

எல்லாரும் போனபின் தபன்தா என்னைத் தனியாகக் கூப்பிட்டார்.

"ஏரிக்கரையில ஒரு டீக்காரர் இருந்தார். பாபாவை பைக்கில ஏத்துறப்ப அவர் என்கிட்ட, 'அந்தப் பொண்ணு எங்க போச்சு?'ன்னு கேட்டார். எந்தப் பொண்ணுன்னு கேட்டேன். 'அரைமணி நேரமா பெரியவர் பக்கத்துல உக்காந்து என்னமோ புரியாத பாஷையில பேசிக்கிட்டே இருந்துச்சே, இப்பதான் எழுந்து போச்சு'ன்னார். உன்கிட்ட சொன்னது அந்தப் பொண்ணுதானா? யாரு அது?"

தெரியாது என்றேன். அது பொய்யும் இல்லை.

அப்புறம் யோசித்து யோசித்துப் பார்த்தேன். என் வேலையே அதுதானே. விளையாட்டில் நான் சேர்த்திருந்த கூடுதல் கோப்புகள் ஒன்றில் அந்த ஏரி இருந்திருக்கலாம் என்று ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தேன். இல்லை. அதே கட்டளையைப் பத்துத் தடவை தட்டிப் பார்த்தேன். ஆற்றங்கரைதான் வருகிறது. ஏரியில் வேறு யாராவது தமிழ்ப் பெண் பறவை பார்க்க வந்திருக்கலாம், தனியாக இருக்கிற பெரியவரிடம் பேச்சுக் கொடுத்திருக்கலாம். கவிதா இன்றுவரை அப்படித்தான் சொல்கிறாள். ஆனால் அதைச் சொல்லும்போது என் முகத்தைப் பார்ப்பதில்லை.

ஜேட்டு இப்போதும் சனிக்கிழமைகளில் மாடிக்கு வருகிறார், ஜோச்சுரி பண்ணு என்கிறார், பண்ணுகிறேன், சிரிக்கிறார். நன்றாகத்தான் இருக்கிறார். ஒரே ஒரு விஷயம்தான். சாயங்காலம் அவர் கீழே இறங்கும்போது நான் கையைப் பிடித்துக்கொள்வேன், எங்கள் படி செங்குத்தானது. அந்த ஞாயிறுக்கு இரண்டு வாரம் கழித்து, முதல் படியில் காலை வைத்தபோது அவர் சொன்னார், "பைய மக்ளே, பைய."

மெதுவாக என்பதற்கு எங்கள் ஊரில் பைய என்போம், யாரையும் பிரியமாக மக்ளே என்றுதான் கூப்பிடுவோம். ஆனால் நான் சொல்வதில்லை. சென்னைக் கல்லூரி விடுதியில் எல்லாரும் சிரித்தார்கள் என்று பத்து வருடத்துக்கு முன்னால் அந்தப் பேச்சை விட்டுவிட்டேன், வீட்டுக்குப் போனில் பேசும்போதுகூட வாயில் வருவதில்லை. கவிதா யாரையும் மக்ளே என்று கூப்பிட்டதில்லை. ஜேட்டுவிடம், இதை எங்கே கற்றுக்கொண்டீர்கள் என்று கேட்டேன்.

அவர் நின்று, என்னை ஆச்சரியமாகப் பார்த்தார். "நீதானே அன்னிக்கு ஏரியில சொல்லிக்கிட்டே இருந்தே" என்றார். பிறகு என் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு அடுத்த படியில் இறங்கினார்.