வேப்பமரத்தடியில் அம்மா

எண்பதுகளின் தொடக்கத்தில் நான் மேலநீலிதநல்லூர்ப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். முதல் குழந்தை பிறந்த அன்றே இறந்துபோனது. கணவர் வடக்கே ராணுவத்தில். மூன்று மாதம் சங்கரன்கோவிலில் அம்மா வீட்டில் கிடந்துவிட்டு மறுபடி வேலைக்குப் போனேன். இரண்டாம் வகுப்பில் அட்டெண்டன்ஸ் எடுக்க ஆரம்பித்ததும் நெஞ்சு படபடவென்று அடித்தது. நாக்கு எழவில்லை. பிள்ளைகள் என்னையே பார்த்தார்கள். வெளியே வந்து படியில் உட்கார்ந்துவிட்டேன்.

அடுத்த இரண்டு நாளும் பஸ் ஸ்டாண்டு வரை போய்த் திரும்பினேன். அம்மா கேட்டாள்: “ஏட்டி, பஸ்ஸு போயிட்டுன்னு எதுக்குப் பொய் சொல்லுத?”

“பயமா இருக்கும்மா. என்ன பயம்னு எனக்கே தெரியல.”

மறுநாள் காலை அம்மா பீடி சுற்றும் தட்டைத் துணியில் கட்டிக்கொண்டு வாசலில் நின்றாள். “நானும் வாரேன். அங்கன மரத்தடி இருக்கும்லா?”

எனக்கு வெட்கமாக இருந்தது. தலைமையாசிரியரிடம் அம்மாவே பேசினாள். “அண்ணாச்சி, எம்பிள்ளைக்கு மனசு தேறுத வரைக்கும் இங்கன இருந்துக்கிடுதேன்.” அவர் நாற்காலி போடச் சொன்னார். அவள் வேப்பமர நிழலில் தரையிலேயே உட்கார்ந்தாள்.

வகுப்பில் மூச்சு முட்டும்போதெல்லாம் ஜன்னல் வழியே பார்ப்பேன். பீடி இலை வெட்டிக்கொண்டிருப்பாள். சில சமயம் நிமிர்ந்து பார்ப்பாள், பல சமயம் பார்க்கமாட்டாள். அவள் அங்கே இருந்ததே எனக்குப் போதுமாக இருந்தது.

அந்த பஸ் பயணங்களை இப்போதும் நினைத்துக்கொள்கிறேன். ஜன்னலோரம் அம்மாவுக்குத்தான். பருத்தி வெடித்துக் கிடக்கும் காடுகளைப் பார்த்தால் சின்னப்பிள்ளை மாதிரி என் கையைப் பிடித்து இழுப்பாள்.

ஒருநாள் மத்தியானம், சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னாள்: “உனக்கு முந்தி எனக்கும் ஒண்ணு தங்கல. ரெண்டு மாசம் தலைகூடச் சீவாம கெடந்தேன்.”

அதுவரை அதை அவள் என்னிடம் சொன்னதே இல்லை. அன்றுதான் என் பிள்ளைக்காக வாய்விட்டு அழுதேன். அவளும் அழுதாள்.

ஒருநாள் அவளுக்குக் காய்ச்சல். தனியாகப் போனேன். நடுவில் நிறுத்தித் தண்ணீர் குடித்தாலும், பெயர்கள் எல்லாவற்றையும் வாசித்து முடித்தேன். சாயங்காலம் வந்து சொன்னதும், “இனி நான் வரண்டாம்லா?” என்றாள்.

“இன்னும் ஒரு வாரம் வாம்மா.”

வந்தாள்.

அந்தப் பள்ளிக்கூடத்தில் பதினொரு வருஷம் வேலை பார்த்தேன். பயம் அடியோடு போகவில்லை. ஆனால் வரும்போது ஓடாமல் நிற்கப் பழகிக்கொண்டேன். பிறகு எனக்கு இரண்டு பெண் குழந்தைகள் பிறந்தார்கள். நான் வேலைக்குப் போகும்போது அவர்களை அம்மாதான் வைத்துக்கொண்டாள்.